பளிங்கின் வழியே வந்த மொழி

கண்ணுக்குப் புலனாகும் உலகத்தோடு மனிதன் மனநிறைவு கொண்டானல்லன். இவ்வுலகிற்கு அப்பால் வேறு உலகங்கள் உள்ளன. அவற்றில் வாழ்வோர் நம்மிலும் மிக்க அறிவுடையோர். அவர்களோடு உரையாட ஒரு வழி கிடைக்குமாயின் நூல்களிற் கிடையாத உண்மைகளை அறிந்துகொள்ளலாம் என்னும் எண்ணம் ஏறக்குறைய எல்லா நாட்டு மக்களிடத்தும் இருந்துவந்திருக்கின்றது. எனினும், அவ்வாறு உரையாடியதாகக் கூறிக்கொண்டோர் தம் வழிகளைப் பெரும்பாலும் மறைவாகவே வைத்திருந்தனர். வித்தை தெரிந்தவர் இறந்தபோது வித்தையும் அவருடன் மறைந்தது. பதினாறாம் நூற்றாண்டின் இங்கிலாந்தில் வாழ்ந்த ஒருவர் மாத்திரம் இதற்கு மாறாக நடந்துகொண்டார். மறுவுலகத்தோடு தாம் நடத்திய உரையாடல்களை நாளும் பொழுதும் இடமும் குறித்து, வினாவையும் விடையையும் சொல்லுக்குச் சொல் எழுதிவைத்தார். அவர் பெயர் ஜோன் டீ. அவர் மந்திரவாதியாக மாத்திரம் வாழ்ந்தவரல்லர். அக்கால இங்கிலாந்தின் தலைசிறந்த கணித அறிஞருள் ஒருவர்.

ஜோன் டீ 1527 ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரிற் பிறந்தார். கேம்பிறிட்ஜ் சர்வகலாசாலையிற் கற்று, பின்னர் லூவேன் நகருக்குச் சென்று, உலகப்பட வரைஞராகிய மேர்க்கேட்டருடன் நட்புப் பூண்டார். இருபத்துமூன்று வயதிற் பாரிஸ் நகரில் யூக்கிளிட்டின் கேத்திரகணிதம் பற்றி விரிவுரை நிகழ்த்தினார். அந்நூல் 1570 ஆம் ஆண்டில் முதன்முதலாக ஆங்கிலத்தில் வெளிவந்தபோது, அதற்குச் சிறந்ததொரு முன்னுரை வரைந்தவரும் அவரே. வடகடல் வழியாகக் கீழைத்தேயங்களை அடைய முயன்ற ஆங்கில மாலுமிகளுக்கு அவர் கடற்கலை கற்பித்தார். எலிசபெத்து மகாராணியின் முடிசூட்டு விழாவுக்கு 1559 ஆம் ஆண்டு சனவரி 15 ஆம் திகதியை நன்னாளாகக் கணித்துக் கொடுத்தார். தேம்ஸ் நதிக்கரையிலுள்ள மோட்லேக் என்னும் ஊரில், தமது இல்லத்தில், ஆயிரக்கணக்கான நூல்களும் கையெழுத்துப் பிரதிகளும் கொண்ட நூல்நிலையம் ஒன்றை அமைத்தார். அக்கால இங்கிலாந்தில் அதற்கு ஈடான நூற்றொகுதியைக் காண்பது அரிது.

இத்தகைய அறிஞரையும் ஊரார் ஐயத்தோடுதான் நோக்கினர். கேம்பிறிட்ஜில் நடைபெற்ற கிரேக்க நாடகம் ஒன்றில், மேடையிலிருந்து மேலெழுந்து பறக்கும் வண்டு ஒன்றைப் பொறிநுட்பத்தால் அவர் அமைத்தார். அதைக் கண்டோர் பேய்த்துணையின்றி இது கூடுமோ எனப் பேசிக்கொண்டனர். மேரி இராணியின் காலத்தில், 1555 ஆம் ஆண்டில், அரசிக்கு எதிராக மந்திரக் கணிப்புச் செய்தாரென்ற குற்றச்சாட்டில் அவர் சிறைப்படவும் நேர்ந்தது. அரச துரோகக் குற்றத்திலிருந்து விடுவிக்கப்பட்டாரெனினும், பேயோட்டி என்ற பழிப்பெயர் அவரை இறுதிவரை விட்டகலவில்லை.

ஐம்பது வயதைக் கடந்தபொழுது, டீயின் உள்ளத்தில் ஒரு பெருங்குறை வேரூன்றிவிட்டது. பல நாடுகளிலே தேடியும், பல மொழிகளில் எழுதப்பட்ட நூல்களைக் கற்றும், தாம் விரும்பிய மெய்யறிவை அளிக்கவல்ல மனிதர் எவரையும் காணவில்லை என அவர் தமது பிரார்த்தனைகளில் எழுதியுள்ளார். மனிதரிடம் இல்லாததைத் தேவதூதரிடமே கேட்டுப் பெறுதல் வேண்டும் என்பது அவர் கண்ட முடிவு. வேதாகமத்தில் வரும் ஏனோக்கு என்னும் பெரியார் கடவுளோடு சஞ்சரித்தாரென்பதும், ஆதாம் எல்லா உயிர்களுக்கும் பெயரிட்டாரென்பதும் அவர் உறுதியாக நம்பிய செய்திகள். ஆதாம் பேசிய அந்த முதன்மொழி மீண்டும் கிடைக்குமாயின் படைப்பின் இரகசியங்கள் அனைத்தும் வெளியாகிவிடும் என அவர் எண்ணினார். அக்கால ஐரோப்பாவில் இவ்வெண்ணம் நகைப்புக்குரியதன்று. தேவதூதர் உண்டு என்பதை அன்று மறுத்தவர் மிகச் சிலரே. அவரோடு பேச முயல்வது முறையா, பேசுவது தேவதூதர்தாமா அல்லது அவர் வேடத்தில் வரும் பேயா என்பதே அக்காலத்து வினா.

டீக்கு ஓர் இடர்ப்பாடு இருந்தது. அவர் எவ்வளவு வேண்டியும் பளிங்கிற் காட்சிகள் அவருக்குப் பெரும்பாலும் புலப்படவில்லை. ஆதலால் அவருக்காகப் பார்த்துச் சொல்லும் ஒருவர் தேவைப்பட்டார். நம் நாட்டில் அஞ்சனம் பார்க்கும் வழக்கத்தை அறிந்தோர் இம்முறையை எளிதில் விளங்கிக்கொள்வர். மையை உற்றுநோக்கும் சிறுவன் ஒருவன். அவனை வினாவும் பெரியவர் மற்றொருவர். காண்பவன் வேறு, கேட்பவர் வேறு. மோட்லேக்கிலும் இதுவே நிகழ்ந்தது. முதலில் வந்த ஒருவர் நிலைக்கவில்லை. 1582 ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில், டால்போட் என்ற பெயருடன் இருபத்தாறு வயது இளைஞர் ஒருவர் அவர் வாயிலை அடைந்தார். எட்வேட் கெலி என்பதே அவ்விளைஞர் பின்னர் வழங்கிய பெயர். வந்த சில நாட்களுக்குள்ளேயே, பளிங்கினுள் ஊரியேல் என்னும் தேவதூதரைக் காண்பதாக அவர் கூறினார். அன்று தொடங்கிய கூட்டு ஐந்தாண்டுகளுக்கு மேல் நீடித்தது. கெலிக்கு ஆண்டொன்றுக்கு 50 பவுண் ஊதியம் பேசப்பட்டது.

தேவதூதர் முதலிற் கட்டளையிட்டவை கருவிகளைப் பற்றியனவே. நறுமண மரத்தால் இரண்டு முழ உயரமுள்ள சதுர மேசை ஒன்று செய்யப்பட்டது. அதன் மேற்பரப்பில் எழுத்துகளும் சக்கரங்களும் தீட்டப்பட்டன. ஏறக்குறைய ஒன்பது அங்குல விட்டமுள்ள மெழுகுத் தகடு ஒன்றில் ஏழுமூலை உருவங்களும் தெய்வப் பெயர்களும் பொறிக்கப்பட்டன. அதனை மேசையின் நடுவில் வைத்து, மேலே சிவந்த பட்டினை விரித்து, பட்டின்மீது பளிங்கினை நிறுத்தினர். அதே போன்ற நான்கு சிறு தகடுகள் மேசையின் கால்களுக்கு அடியில் இடப்பட்டன. டீ பிரார்த்தனை செய்வார். கெலி பளிங்கினை நோக்குவார். காண்பதையும் கேட்பதையும் கெலி சொல்லச் சொல்ல, டீ எழுதிக்கொள்வார். அந்த மெழுகுத் தகடுகளிற் சில இன்றும் பிரித்தானிய நூதனசாலையிற் காணப்படுகின்றன. டீயினுடையதென வழங்கும் கரிய எரிமலைக் கண்ணாடி ஒன்றும் அங்கே உண்டு. அக்கல் மெக்சிக்கோ நாட்டின் பச்சூக்கா என்னுமிடத்தில் வெட்டியெடுக்கப்பட்டதென 2021 இல் வெளியான விஞ்ஞான ஆய்வு நிறுவியது. அது டீயின் கையில் இருந்ததென்பதற்கு, பதினெட்டாம் நூற்றாண்டில் அதனை உடைமையாகக் கொண்டிருந்த ஹொறஸ் வால்ப்போல் என்பவரின் கூற்றே ஆதாரமாக உள்ளது.

1583 ஆம் ஆண்டில் இந்த உரையாடல் புதிய கட்டத்தை அடைந்தது. இருபத்தோர் எழுத்துகள் கொண்ட நெடுங்கணக்கு ஒன்று கெலியின் வாயிலாகக் கிடைத்தது. அதனைத் தொடர்ந்து, குறுக்கும் நெடுக்கும் நாற்பத்தொன்பது கட்டங்கள் கொண்ட பெரிய எழுத்துச் சதுரங்கள் வரையப்பட்டன. அடுத்த ஆண்டு, போலந்து நாட்டின் கிராக்கோ நகரில், பத்தொன்பது அழைப்புரைகள் அம்மொழியிற் சொல்லப்பட்டன. அவை சொல்லப்பட்ட முறை வியப்புக்குரியது. சில உரைகள் கடைசி எழுத்திலிருந்து முதலெழுத்து நோக்கிப் பின்முகமாக உரைக்கப்பட்டன. நேராக உச்சரித்தால் அச்சொற்களின் ஆற்றல் வேண்டாதனவற்றை எழுப்பிவிடும் என்பது அதற்குக் கூறிய காரணம். முன்னாளிலே தந்திச் செய்தியை எழுத்தெழுத்தாகப் பெற்று எழுதியதுபோல், டீ எழுத்துகளைக் குறித்துக்கொண்டு பின்னர் அவற்றைத் திருப்பிக் கூட்டிச் சொல்லாக்கினார். உரைகளின் ஆங்கிலப் பொருளும் பின்னர் வழங்கப்பட்டது.

அவ்வழைப்புரைகள் எதற்காக? மண்ணுலகைச் சூழ்ந்து முப்பது ஆகாய மண்டலங்கள் ஒன்றன்மேலொன்றாக அமைந்துள்ளன. அவற்றில் 91 ஆளுநர் உளர். உலகத்தின் ஒவ்வொரு நாடும் அவருள் ஒருவரின் ஆட்சிக்கு உட்பட்டது. உரிய அழைப்பைக் கூறினால் உரிய வாயில் திறக்கும். இவ்வாறு மண்ணுக்கும் விண்ணுக்கும் இடையே நெடுங்கணக்கும் இலக்கணமும் வாயிலும் காவலரும் கொண்ட ஒழுங்கான அமைப்பொன்று உருவாயிற்று. இவ்வளவையும் அதிகக் கல்வியில்லாத ஓர் இளைஞர் கற்பனையாற் கட்டிவிட முடியுமா என்ற வினா, அன்றுதொட்டு இன்றுவரை பலரை மயக்கி வந்திருக்கின்றது.

இங்கே கெலியின் நடத்தையைக் கவனித்தல் வேண்டும். அவர் இத்தொழிலை மகிழ்ச்சியோடு செய்தவரல்லர். பளிங்கில் தோன்றுபவை ஏமாற்றுப் பேய்களே என அவரே பலமுறை வாதாடினார், விட்டுப்போக விரும்பினார். டீயே அவரை மன்றாடி நிறுத்தினார். 1584 ஆம் ஆண்டில், தேவதூதர் கூறிய நாடுகளின் வரிசையைப் போன்றதொன்று கொர்னேலியஸ் அகிரிப்பா என்பவரின் மந்திர நூலில் ஏற்கனவே இருக்கின்றதென்று கெலி எடுத்துக்காட்டினார். அகிரிப்பாவின் நூல் டீ நன்கறிந்த நூலே. ஆயினும் அவர் நம்பிக்கை அசையவில்லை. சாட்சியே தன் சாட்சியத்தை ஐயுற்றபோதும் நீதிபதி ஐயுறவில்லை. நடந்தது முழுவதையும் எழுதிவைத்தவரும் அந்த நீதிபதியே.

இதே காலத்தில் டீ ஆற்றிய மற்றொரு பணியையும் அருகில் வைத்து நோக்குதல் தகும். 1582 இல் போப்பாண்டவர் புதிய நாட்காட்டியை வெளியிட்டார். இங்கிலாந்து அதனை ஏற்கலாமா என்று அரசு டீயிடம் வினாவியது. அவர் வான்கணிதத்தை நுணுகி ஆராய்ந்து, பழைய நாட்காட்டி பிழையானதென்றும் திருத்தம் வேண்டுமென்றும் 1583 இல் அறிக்கை சமர்ப்பித்தார். பேராயர்கள் உடன்படாமையால் அது கைவிடப்பட்டது. இங்கிலாந்து நாட்காட்டியைத் திருத்திக்கொண்டது 1752 ஆம் ஆண்டிலேதான். வானத்தை அளந்த டீ அளவுகோலைத் தம் கையில் வைத்திருந்தார். எவரும் அக்கணக்கைத் திரும்பப் போட்டுப் பார்க்கலாம். பளிங்கை நோக்கிய டீயோ, அளவுகோலை இன்னொருவர் கண்ணிடம் ஒப்படைத்துவிட்டார். ஒரே மனிதர், ஒரே வீடு, ஏறக்குறைய அதே மாதங்கள்.

1583 ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதத்தில், போலந்துப் பிரபுவாகிய அல்பேர்ட் லாஸ்கி என்பவரோடு, இருவரும் தத்தம் குடும்பத்துடன் ஐரோப்பாவுக்குப் புறப்பட்டனர். அவர்கள் சென்றபின், மோட்லேக் நூல்நிலையத்தை ஆட்கள் புகுந்து சூறையாடினர். 1584 ஆம் ஆண்டில், பிராக் நகரில் சக்கரவர்த்தி இரண்டாம் றுடோல்ப்பின் முன்னிலையில் நின்று, அவருடைய பாவங்களுக்காகத் தேவதூதர் அவரைக் கண்டிக்கின்றாரென டீ அஞ்சாது கூறினார். இலாபம் கருதும் போலிமாந்திரிகர் எவரும் சக்கரவர்த்தியிடம் இவ்வாறு பேசத் துணியார். டீ உண்மையாகவே நம்பினார் என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டியதில்லை. 1586 இல் போப்பின் பிரதிநிதி தலையிட்டமையால் சக்கரவர்த்தியின் ஆட்சிப் பகுதியினின்றும் அவர்கள் வெளியேற்றப்பட்டனர். பொகீமிய நாட்டுப் பிரபுவாகிய றோசன்பேர்க் என்பவர் பரிந்துபேசி, தெற்கே திரெபோன் நகரில் அவர்களுக்குப் புகலளித்தார்.

திரெபோனில் 1587 ஆம் ஆண்டு ஏப்பிரில் மாதத்தில் வந்த செய்தியே அனைத்தினும் கொடியது. மடீமி என்னும் தேவதை, மோட்லேக்கிற் சிறுமியாகத் தோன்றியதாகச் சொல்லப்பட்டது; இப்போது வளர்ந்த பெண்ணாகத் தோன்றியதெனக் கெலி கூறினார். இரு நண்பரும் தம் மனைவியர் உட்பட அனைத்தையும் பொதுவாக்கிக்கொள்ளல் வேண்டும் என்பது அதன் கட்டளை. டீ திடுக்குற்றார், ஆனால் மறுக்கவில்லை. இதனைத் தம் மனைவி ஜேனிடம் தெரிவித்தபோது, அவள் கால்மணி நேரம் அழுது நடுங்கினாள் என்று அவரே எழுதியுள்ளார். மே மாதம் 3 ஆம் திகதி நால்வரும் ஓர் உடன்படிக்கையிற் கையொப்பமிட்டனர். அன்றுவரை அவ்வுரையாடல்களில் ஜேனின் குரல் பெரும்பாலும் கேட்கவில்லை. பளிங்கில் அவள் எதையும் காணவில்லை. நூலில் அவள் எதையும் எழுதவில்லை. ஆனால் மேசையின் இருபுறத்திலும் அமர்ந்த இருவருடைய நம்பிக்கைக்கும் ஐயத்திற்கும் விலை செலுத்துமாறு கேட்கப்பட்டவள் அவளே. பளிங்கிலிருந்து வந்த ஆயிரமாயிரம் சொற்களைக் காட்டிலும், அவள் அழுத அந்தக் கால்மணி நேரமே ஐயத்திற்கு இடமின்றி நிகழ்ந்த உண்மையாக அவ்வேடுகளில் நிற்கின்றது.

அதன்பின் கூட்டு விரைவில் முறிந்தது. கெலி இரசவாதத்திற் புகுந்து, சக்கரவர்த்தியிடம் வீரப்பட்டம் பெற்று, பொன் செய்து காட்டமாட்டாமையாற் சிறைப்பட்டு, நூற்றாண்டு முடியுமுன் மாண்டார். டீ 1589 இல் தாய்நாடு திரும்பி, சூறையாடப்பட்ட நூல்நிலையத்தைக் கண்டார். அடுத்த ஆண்டு பிறந்த மகளுக்கு, அத்தேவதையின் பெயரையொட்டி மடீனியா எனப் பெயரிட்டார். பின்னர் மான்செஸ்டர் நகரிற் கல்லூரித் தலைவர் பதவி கிடைத்தது. ஆங்கே வேறொருவரைக் கொண்டு பளிங்கு பார்த்துவந்தார். அவர் கூற்றுகள் பொய்யெனக் கண்டு, 1600 ஆம் ஆண்டில் அக்குறிப்புகளைப் பிறர் முன்னிலையில் எரித்தார். கெலியின் குறிப்புகளையோ எரிக்கவில்லை. 1604 இல், பேயோட்டி என்ற பழியைத் துடைப்பதற்குத் தம்மை விசாரணை செய்யுமாறும், குற்றம் நிரூபிக்கப்படின் மரணத்தையும் ஏற்பதாகவும் ஜேம்ஸ் மன்னரிடம் விண்ணப்பித்தார். மன்னர் செவிசாய்க்கவில்லை. அடுத்த ஆண்டு ஜேன் மான்செஸ்டரிற் காலமானாள். எஞ்சிய நூல்களையும் விற்றுண்ட டீ, எண்பத்தோராவது வயதில், 1608 இன் இறுதியிலோ 1609 இன் தொடக்கத்திலோ மோட்லேக்கில் மறைந்தார்.

அவர் ஏடுகளின் வரலாறும் ஒரு கதைக்கு ஈடானது. பிற்பகுதி குறிப்புகள் கொற்றன் என்னும் பிரபுவின் நூல்நிலையத்தை அடைந்து, 1659 இல் மெரிக் கசோபன் என்பவராற் பதிப்பிக்கப்பட்டன. டீ பொய்யரல்லர், பேய்களால் ஏமாற்றப்பட்டவர் என்பது கசோபனின் தீர்ப்பு. முற்பகுதி குறிப்புகள் பழைய மரப்பெட்டகம் ஒன்றின் இரகசிய அறையிற் கிடந்தன. அப்பெட்டகத்தை விலைக்கு வாங்கிய பலகார வியாபாரியும் மனைவியும் 1662 ஆம் ஆண்டளவில் அவ்வறையைக் கண்டனர். அதன் அருமை உணராமையால், வேலைக்காரி ஏறக்குறையப் பாதி ஏடுகளைப் பலகாரத் தட்டுகளின் அடியில் இட்டு அழித்துவிட்டாள். எஞ்சியவை 1666 ஆம் ஆண்டின் இலண்டன் பெருந்தீக்கும் தப்பி, 1672 இல் பழம்பொருளறிஞர் எலியாஸ் அஷ்மோலின் கையை அடைந்தன. இப்போது அவை பிரித்தானிய நூலகத்தில் உள்ளன. 1888 இல் இலண்டனில் தோன்றிய இரகசிய மந்திரச் சங்கம் ஒன்று அவ்வழைப்புரைகளைத் தன் சடங்குகளிற் சேர்த்துக்கொண்டது. அதன்வழியாக அம்மொழி ஏனோக்கிய மொழி என்ற பெயரோடு கதைகளிலும் விளையாட்டுகளிலுங்கூட இன்று உலாவுகின்றது.

இருபதாம் நூற்றாண்டில், அவுஸ்திரேலிய மொழியியலறிஞர் டொனல்ட் லேக்கொக் அம்மொழியை ஆராய்ந்து, 1978 இல் அகராதி ஒன்றை வெளியிட்டார். 1583 ஆம் ஆண்டுச் சதுரங்களின் சொற்கள், பரவசமுற்றோர் பிதற்றும் ஒலிகளைப் போல எதுகையும் அடுக்கும் நிறைந்தவை எனக் கண்டார். அழைப்புரைகளின் சொற்கள் எம்மொழியினவும் அல்ல. ஆனால் அவற்றின் ஒலியமைதியும், சொற்களை வரிசைப்படுத்தும் முறையும் பெரிதும் ஆங்கிலத்தினுடையவை. ஆதாமின் மொழி ஆங்கில இலக்கணத்தில் அமைந்திருந்தது! விண்ணிலிருந்து வந்ததாகக் கருதப்பட்ட செய்தி, அதனைக் கொணர்ந்தவரின் தாய்மொழிச் சாயலை அழித்துக்கொள்ள இயலாது போயிற்று.

இந்த முடிவை லேக்கொக் எவ்வாறு அடைந்தார்? ஜோன் டீ ஒவ்வோர் எழுத்தையும் பழுதின்றி எழுதிவைத்தமையால் அடைந்தார். தமக்குப் பாதகமானவற்றை டீ மறைத்திருந்தால், கெலியின் ஐயங்களையும் அகிரிப்பாவின் நூலையும் ஜேனின் கண்ணீரையும் விட்டு எழுதியிருந்தால், நான்கு நூற்றாண்டுகளின் பின் எவராலும் இவ்வழக்கைத் திரும்ப விசாரித்தல் இயலாது. அவர் தம் சாட்சியைச் சோதியாது விட்டார். எனினும் பின்வருவோர் சோதிப்பதற்கு வேண்டிய அனைத்தையும் விட்டுச்சென்றார். அறிஞர் என்ற பெயருக்கு அவரை உரியவராக்குவது இதுவே. தேவதூதரின் வரவுக்காகக் காத்திருந்த அந்த ஏடுகள் மனிதரைப் பற்றிய ஏடுகளாகவே எஞ்சின. அந்த வகையில் அவை மிகுந்த மதிப்புடையனவே.